அம்மாயியின் மூன்று கேசட்டுகள்: கோத்தகிரியில் நம்பிக் கொடுக்கலாம்

கோத்தகிரி மார்க்கெட் பக்கம் இருக்கிற இந்தச் சின்ன ஸ்டூடியோவில் பழைய கேசட்டுகளை கம்ப்யூட்டருக்கு மாற்றித் தருகிறார்கள், கேசட்டுக்கு 400 ரூபாய். நான் கொடுத்தது மூன்று. எங்கள் அம்மாயி சிலோன் தோட்டத்தில் வேலை பார்த்தவர், 1977 ஆகஸ்டில் தமிழர்களைத் தேடித் தேடி அடித்தபோது பிள்ளைகளோடு ராத்திரி முழுக்கத் தேயிலைச் செடிகளுக்குள் படுத்துக் கிடந்தவர், அடுத்த வருஷமே தலைமன்னாரில் கப்பலேறி வந்து இங்கே அரசுத் தேயிலைத் தோட்டக் கழகமான டான்டீயில் கொழுந்து பறித்தார். 1991-ல் மாமா கேட்கக் கேட்க அவர் சொன்னதெல்லாம் இந்தக் கேசட்டுகளில்தான் இருக்கிறது. அம்மாயி இப்போது இல்லை.

முதலில் கீழே சமவெளியில் ஒரு கடையில் கொடுத்தேன். இரைச்சலை எடுத்துவிட்டோம், பேசாத இடத்தையெல்லாம் வெட்டிவிட்டோம் என்று எம்பி3 தந்தார்கள். அது அம்மாயியின் குரலாகவே இல்லை.

இங்கே ஸ்டூடியோக்கார அண்ணன் மெஷினில் போடுவதற்கு முன்பே டேப்பில் வெள்ளையாகப் பூத்திருந்த பூஞ்சையைக் காட்டினார். இந்த ஊர் ஈரம் அப்படி. பஞ்சால் துடைத்து, டேப்பை வேறு கூட்டுக்கு மாற்றி, 24 பிட், 96 கிலோஹெர்ட்ஸ் வேவ் ஃபைலாக, அதாவது ஒலியைச் சுருக்காத ஃபைலாக எடுத்தார். ஒலிக் காப்பகங்கள் பரிந்துரைக்கும் தரம் அது. மூன்றும் சேர்ந்து கிட்டத்தட்ட 9 ஜிபி, போனில் கேட்க எம்பி3 தனியாக.

முக்கியமாக, எதையும் வெட்டவில்லை. இரண்டாவது கேசட்டில் பக்கத்து லயத்துக்கு, அதாவது தோட்டத் தொழிலாளர் வீட்டு வரிசைக்குத் தீ வைத்ததைச் சொல்லிவிட்டு அம்மாயி ஒரு நிமிஷத்துக்கு மேல் பேசாமல் இருக்கிறார், தகரக் கூரையில் மழை மட்டும் கேட்கிறது, மாமாவும் அடுத்த கேள்வி கேட்கவில்லை. முதல் கடையில் வெட்டி எறிந்தது இதைத்தான். யூத இனப்படுகொலையில் தப்பியவர்களைப் பேசவைத்து பிரெஞ்சு இயக்குநர் க்ளோத் லான்ஸ்மான் எடுத்த ‘ஷோவா’ ஆவணப்படம் 1985-ல் வந்தது, ஒன்பது மணி நேரத்துக்கும் மேல் ஓடும். படத்தில் சேராத சுமார் 220 மணி நேரக் காட்சிகளையும் வாஷிங்டனில் உள்ள ஹோலோகாஸ்ட் நினைவு அருங்காட்சியகம் வாங்கிப் பாதுகாக்கிறது. படத்துக்காக வெட்டலாம், மூலத்தில் கை வைக்கக் கூடாது.

குறை என்றால், பத்து நாள் என்றது ஒரு மாதம் ஆனது. ரசீதும் தரவில்லை. திரும்பக் கிடைக்காத பொருளைக் கொடுத்துவிட்டு வெறுங்கையோடு வீட்டுக்கு வருவது கஷ்டமாக இருந்தது, அண்ணன் இதைக் கட்டாயம் மாற்ற வேண்டும்.

உங்கள் வீட்டிலும் இப்படி ஏதாவது இருந்தால் ஜூன் மழை பிடிப்பதற்குள் கொண்டு போங்கள். யார் பேசுவது, எந்த வருஷம், ஏ பக்கமா பி பக்கமா என்று சீட்டு எழுதி ஒட்டிக் கொடுங்கள், அப்புறம் ஹார்ட் டிஸ்க் இரண்டாக எடுத்துப் போங்கள்.