பல் தடம் பதிந்த நோக்கியா 1100

2005இல் வாங்கிய நோக்கியா 1100 இன்னமும் என்னிடம் ஓடுகிறது. வாட்ஸ்அப்புக்கும் ஜிபேக்கும் வீட்டில் ஒரு டச் போன் இருக்கிறது. தோட்டத்துக்குக் கிளம்பும்போது நான் எடுப்பது இதைத்தான்.

2003ஆம் வருடம் மே மாதத்தில் இன்கமிங் இலவசமானது. இந்த மாடல் வந்ததும் அதே வருடம்தான். இரண்டும் சேர்ந்ததால்தான் எங்களைப் போன்றவர்கள் கைக்கும் செல்போன் வந்தது. உலகம் முழுக்க 25 கோடிக்கு மேல் விற்றிருக்கிறது.

என்னைக் கேட்டால் இதன் உயிரே டார்ச்தான். எங்கள் பக்கம் மும்முனை கரண்ட் பல நாள் ராத்திரியில்தான் வரும். மோட்டாரைப் போட்டுவிட்டு மடை திருப்பப் போனால் இரண்டு கையும் மண்வெட்டியில் இருக்கும். அதனால் சி பட்டனை அழுத்தி டார்ச்சைப் போட்டு, போனின் அடிப்பக்கத்தைப் பல்லில் கவ்விக்கொள்வேன். 86 கிராம்தானே, தாடை வலிக்காது. கீழ் ஓரத்தில் நான்கு பல் தடம் இன்னும் இருக்கிறது. இப்போதைய போனை அப்படிக் கவ்விப் பாருங்கள்!

கீபேட் முழுக்க ஒரே ரப்பர் தகடு. இடுக்கே இல்லாததால் சேற்றுக் கையோடு அமுக்கினாலும் மண் உள்ளே போகாது. வாய்க்காலில் ஒருமுறை விழுந்தது. பேட்டரியைக் கழற்றி மோட்டார் ரூம் திண்ணையில் வெயிலில் வைத்தேன். மறுநாள் மதியம் உயிர் வந்துவிட்டது. 2, 4, 6, 8 என்ற எண்கள் மட்டும் தேய்ந்து போயின, பாம்பு கேம் விளையாடிய பையன்களின் உபயம்.

பேட்டரி இதுவரை நான்கு மாற்றியிருப்பேன். பி.எல்.5சி என்று கேட்டால் இன்றும் சின்னக் கடையில்கூடக் கிடைக்கிறது, ஏனென்றால் எஃப்.எம். ரேடியோவுக்கும் குட்டி ஸ்பீக்கருக்கும் அதே பேட்டரிதான். தேடி அலைய வேண்டியது பெரிய பின் சார்ஜருக்குத்தான். சார்ஜ் போடுவது வாரம் இரண்டு தடவை.

குறையும் உண்டு. போனில் 50 பெயர்தான் ஏறும், மிச்சம் சிம்மில். விளம்பர எஸ்.எம்.எஸ். குவிந்து இன்பாக்ஸ் நிரம்பினால் கடித உறை மின்னும், அதற்கு மேல் ஓ.டி.பி. வராது. உட்கார்ந்து ஒவ்வொன்றாக அழிக்க வேண்டும். நானோ சிம்மை அடாப்டரில் வைத்துப் போடுவதும் தொல்லைதான், லேசாகத் தட்டினாலே நகர்ந்துவிடுகிறது. 2ஜி இல்லாத சிம்மாக இருந்தால் அதுவும் வேலைக்காகாது.

அலாரம் மட்டும் இதுவரை ஏமாற்றியதில்லை. போனை அணைத்து வைத்திருந்தாலும் தானே விழித்துக்கொண்டு அடிக்கும். நேற்றும் ராத்திரி இரண்டு மணிக்கு அடித்தது. போய்ப் பார்த்தால் கரண்ட்தான் வரவில்லை.