ஈரோட்டுப் படத்தொகுப்பாளர் ஒருவரின் சேவை: எங்கள் ஆவணப்படத்தை முன்வைத்து

பவானி ஜமக்காள நெசவாளர்களைப் பற்றி நாங்கள் எடுத்த 40 நிமிட ஆவணப்படத்தின் படத்தொகுப்பு, இசை மேற்பார்வை (எந்த இசை எங்கே வரவேண்டும், அதற்கு யாருடைய அனுமதி வேண்டும் என்று பார்ப்பது) ஆகிய இரு பொறுப்புகளையும் ஈரோட்டில் தனியாகத் தொழில் செய்துவரும் ஒரு பெண்மணியிடம் ஒப்படைத்தோம். இரண்டும் ஒரே கையில் இருந்ததுதான் படத்தைக் காப்பாற்றியது என்பது என் உறுதியான கருத்து.

கல்யாண வீடியோக்களில் தொடங்கி, சென்னையில் உதவிப் படத்தொகுப்பாளராக இருந்துவிட்டு ஊருக்கே திரும்பியவர் அவர். சேலத்தில் மாடர்ன் தியேட்டர்ஸும் கோவையில் சென்ட்ரல் ஸ்டுடியோவும் பட்சிராஜாவும் படம் எடுக்கும் ஸ்டுடியோக்களாக இயங்கிய காலத்தில் கொங்குப் பகுதியிலேயே இந்தத் தொழிலுக்கு இடமிருந்தது. இன்று இங்கே தனியாக நிற்பவருக்குத் திருப்பூர் பனியன் நிறுவனங்களின் விளம்பரப் படங்களே சோறு போடுகின்றன; ஆவணப்படத்தை விருப்பத்தின் பேரிலேயே ஏற்பதாக அவரே சொன்னார்.

கூலியைப் பேசுவதற்கு முன்பே எங்கள் ஹார்டு டிஸ்க்கை வாங்கி, எடுத்த காட்சிகள் அனைத்தையும் பார்த்தார். கேமராவில் நொடிக்கு 25 ஃபிரேம் (தனிப் படம்) என்ற கணக்கில் எடுத்திருந்தோம். கைப்பேசியில் எடுத்தவையோ 30-ஐ ஒட்டி ஏறியும் இறங்கியும் பதிவாகியிருந்தன. அவற்றை அப்படியே சேர்த்தால் நீண்ட பேட்டிகளில் உதட்டசைவும் குரலும் விலகிவிடும் என்பதால், முதலில் எல்லாவற்றையும் ஒரே சீரான வேகத்துக்கு மாற்றினார்.

ஆனால் அவருடைய உண்மையான திறமை வெளிப்பட்டது தறிக்கூடத்து வானொலி விஷயத்தில்தான். படத்தின் உயிரான ஒரு பேட்டியின் பின்னணியில் பழைய சினிமாப் பாட்டு ஒன்று ஒலித்துக்கொண்டிருந்தது. அது தற்செயலாகப் பதிவானதுதானே, பாடல் வெளிவந்தும் 60 ஆண்டுகளுக்கு மேலாயிற்றே என்று நாங்கள் வாதாடினோம். வெளிவந்ததிலிருந்து எண்ணும் 60 ஆண்டுக் கணக்கு ஒலிப்பதிவுக்கு மட்டுமே பொருந்தும் என்றும், பாடல் வரிகளுக்கும் மெட்டுக்கும் உரிய பதிப்புரிமை, எழுதியவரும் இசையமைத்தவரும் மறைந்து 60 ஆண்டுகள் ஆகும்வரை நீடிக்கும் என்றும், ஆகவே ஒரே பாடலுக்குத் தனித்தனி அனுமதிகள் தேவைப்படலாம் என்றும் பொறுமையாக விளக்கினார். பின்னணியில் கேட்கிறது என்பதற்காகப் பாட்டுக்கு விலக்கு கிடைத்துவிடாது. குரலிலிருந்து பாட்டைப் பிரிக்க முயன்று பார்த்துவிட்டு, குரலின் இயல்பு கெடுகிறது என்று அதைக் கைவிட்டார். வானொலியை நிறுத்திவைத்து அந்தப் பெரியவரிடம் மறுபடியும் பேசிப் பதிவு செய்து வரச் சொன்னார். இரண்டாவது பேட்டி முதலாவதைவிட நன்றாக அமைந்தது என்பதை மகிழ்ச்சியோடு சொல்ல வேண்டும்.

இசையை எங்கே வைப்பது என்பதைவிட எங்கே தவிர்ப்பது என்பதில் அவருக்குத் தெளிவு அதிகம். நெசவுக் காட்சி முழுவதற்கும் புல்லாங்குழல் வேண்டும் என்று எங்கள் இயக்குநர் கேட்டபோது, "அந்த எடத்துல ஒன்னும் வேண்டாமுங்ண்ணா, தறிச் சத்தமே போதுமுங்க" என்றார். மிதிகட்டையின் ஓசைக்கு ஏற்ப வெட்டுகளை அமைத்து அவர் காட்டிய பிறகு மறுத்துப் பேச எவருக்கும் மனம் வரவில்லை. படத்தில் இசை வரும் ஒரே நீண்ட பகுதி, உடுக்கை அடித்துப் பாடப்படும் கொங்கு நாட்டுக் கதைப்பாடலான அண்ணன்மார் கதை. கதை மரபுவழி வந்ததாயினும், பாடுபவருக்கு நிகழ்த்துநர் உரிமை (தான் பாடியதைப் பதிவு செய்யவும் பயன்படுத்தவும் அனுமதி தரும் உரிமை) உண்டு என்று கூறி, எங்கெல்லாம் படத்தைத் திரையிடப் போகிறோம் என்பதை எழுதி, உரிய தொகையைக் கொடுத்து, பாடகரிடம் கையெழுத்து வாங்க வைத்தார். நாட்டுப்புறக் கலைஞர்களின் குரலைப் பதிவு செய்துகொண்டு, சால்வை போர்த்தி அனுப்பிவிடும் வழக்கம் நம் பகுதியில் இருப்பதால் இதை அழுத்திச் சொல்கிறேன்.

குறைகளும் உண்டு. ஒரு நேரத்தில் ஒரு வேலையையே எடுப்பதால் காத்திருக்க வேண்டும். வண்ணச் சீரமைப்பும் இறுதி ஒலிக்கலவையும் அவர் செய்வதில்லை. அவற்றுக்கு வேறிடம் தேட நேர்ந்து, நாங்கள் கொடுத்த இடத்தில் வசனத்தின் ஒலியளவு காட்சிக்குக் காட்சி மாறிப்போய், அந்த வேலையைத் திரும்பச் செய்ய வேண்டியதாயிற்று. முன்பணம், முதல் வடிவம், இறுதி வடிவம் என மூன்று தவணைகளில் கூலி பெறுகிறார். இரண்டு முறைக்கு மேல் திருத்தம் கேட்டால் தனிக் கட்டணம். அது நியாயமானதே, குழுவில் ஆளுக்கொரு கருத்துச் சொல்லிக்கொண்டிருந்த நாங்கள் கூடிப் பேசி ஒரே பட்டியலாகக் கொடுக்கப் பழகியது இதனால்தான்.

முடிவில் படத்தோடு, படத்தொகுப்பு மென்பொருளின் திட்டக் கோப்புகள், இசை தனியாகவும் பேச்சு தனியாகவும் பிரித்த ஒலித்தடங்கள், ஒவ்வோர் இசைத்துண்டும் எத்தனை நொடி, அதன் உரிமை யாருடையது என்று குறித்த பட்டியல் ஆகியவற்றையும் ஒப்படைத்தார். அவரைப் போன்ற ஒருவரை அமர்த்த நினைப்பவர்கள், படப்பிடிப்பு முடிந்த பிறகு அல்ல, கேமராவைக் கையில் எடுப்பதற்கு முன்பே போய்ப் பேசிவிடுவது நல்லது.