குழந்தை கேரியர்: இன்ச் டேப் இல்லாமல் வாங்காதீர்கள்

கமர்ஷியல் ஸ்ட்ரீட், ஜெயநகர் 4வது பிளாக், மல்லேஸ்வரம் என்று பெங்களூரில் எங்கே போனாலும் கடைகளில் குழந்தையை உடலோடு கட்டிச் சுமக்கும் கேரியர் மூன்று வகை இருக்கும். அடிப்பட்டை குறுகிய பை, இடுப்பு பெல்ட்டோடு அகல இருக்கை வைத்தது, வளையம் கோத்த துணித் தூளி. மெத்தை தடிமனாக, பாக்கெட் நிறைய வைத்து, பார்க்க எடுப்பாக இருப்பது பெரும்பாலும் குறுகிய பைதான். கைக்குழந்தைக்கு அதை வாங்கவே வேண்டாம்.

காரணம் இடுப்பு மூட்டு. பிறந்த குழந்தைக்கு இடுப்புக் கிண்ணத்தில் பெரும்பகுதி குருத்தெலும்பு. தொடை எலும்பின் பந்துமுனையில் எலும்பு தோன்றவே 4 முதல் 6 மாதம் ஆகும். அதுவரை எக்ஸ்ரேயில் அது சரியாகத் தெரியாது, அல்ட்ராசவுண்ட்தான் எடுப்பார்கள். பந்து உள்ளே பொருந்தி உட்கார்ந்திருந்தால்தான் கிண்ணம் குழிந்து வளரும். இரண்டு காலும் நேராகத் தொங்கினால் பந்து விளிம்புப் பக்கம் நகரப் பார்க்கும். நம் வீடுகளில் பிள்ளையை இடுப்பில் தூக்கி வைப்போமே, தொடை விரிந்து முழங்கால் சற்று மேலேறி, அதுதான் மூட்டுக்கு உகந்த நிலை. காலை நீட்டிக் கட்டும் வழக்கம் உள்ள சமூகங்களில் இடுப்பு விலகல் அதிகம் பார்க்கிறார்கள்.

ஆகவே அளந்து வாங்குங்கள். குழந்தையின் முழங்காலை மடக்கி, ஒரு மடிப்பிலிருந்து பின்பக்கம் வழியாக அடுத்த மடிப்பு வரை டேப் வையுங்கள். இருக்கையின் அகலம் அதே அளவு வேண்டும். குறைந்தால் தொடை தொங்கும். கூடினால் முழங்கால் மடங்காமல் கால் விறைத்து நீளும், அதுவும் தவறு. அகல இருக்கை வகையில் பட்டையைச் சுருக்கி விரிக்கும் வசதி இருந்தால் மட்டும் காசு கொடுக்கலாம். பெல்ட் இடுப்பெலும்பின் மேல் உட்கார வேண்டும். சிசேரியன் ஆன தாய்க்குத் தழும்பில் உரசினால் சில வாரம் தூளியே நல்லது.

முதுகு நிமிரும் என்று சொல்லி விற்கும் விறைப்பான பலகை முதுகும் தேவையில்லை. பிறக்கும்போது முதுகெலும்பு பின்பக்கமாக வளைந்த ஒரே வில். கழுத்து வளைவு 3, 4 மாதத்தில் தலை நிற்கும்போது உருவாகும். கீழ்முதுகு வளைவு உட்கார்ந்து, நின்று, நடக்கையில்தான் வரும். அந்த வில்லைத் தளராமல் தாங்கும் துணி போதும்.

வளையத் தூளி பெங்களூரின் ஏப்ரல் வெயிலுக்கும் மெஜஸ்டிக் மெட்ரோ நெரிசலுக்கும் அருமை. மடித்தால் கைப்பைக்குள் போய்விடும். வளையத்தில் பற்றவைத்த ஒட்டு இருக்கக் கூடாது. இதில் ஆபத்து மூச்சுதான்: துணி தளர்ந்தால் குழந்தை சரிந்து தாடை நெஞ்சில் முட்டும், மூச்சுக்குழாய் மடங்கும். தாடைக்கடியில் இரண்டு விரல் நுழைய வேண்டும், முகம் எப்போதும் கண்ணில் பட வேண்டும், குனிந்தால் உச்சியில் முத்தம் கொடுக்க எட்ட வேண்டும். எந்த கேரியரோடும் ஸ்கூட்டரில் ஏறாதீர்கள்.

கேரியரில் உட்காரும்போது ஒரு தொடை மட்டும் விரிய மறுத்தாலோ, ஒரு முழங்கால் தாழ்ந்து தெரிந்தாலோ குழந்தை மருத்துவரிடம் காட்டுங்கள். தலைக்குப் பதில் பிட்டமோ காலோ முன்னே வந்து பிறந்த குழந்தை என்றால் குறையேதும் தெரியாவிட்டாலும் சுமார் 6வது வாரத்தில் இடுப்பு அல்ட்ராசவுண்ட் எடுக்கக் கேளுங்கள். கேரியர் வாங்குவது அதற்குப் பிறகு இருக்கட்டும்.