அல்லங்காடியை எங்கே விரிப்பது: தனுஷ்கோடியா, தேவிபட்டினமா, பாம்பனா?

நான் எழுதிக்கொண்டிருக்கும் மாயக்கதையில் ஓர் இரவுச் சந்தை வருகிறது. ராத்திரிக் கடலில் வலை போட்டுப் பிடித்த கனவுகள் அங்கே விற்பனைக்கு வரும். பனையோலைக் கொட்டானில் அடைத்த கச்சான் காற்றை ஒரு கிழவி விற்பாள். காசு செல்லாது, வாங்குகிறவர் தன் தூக்கத்தில் இத்தனை ராத்திரி என்று எண்ணிக் கொடுக்க வேண்டும். சந்தைக்குப் பெயர் சுலபமாகக் கிடைத்துவிட்டது. பழைய மதுரையில் பகல் சந்தை நாளங்காடி, இரவுச் சந்தை அல்லங்காடி என்று மதுரைக்காஞ்சி சொல்கிறது. அதையே எடுத்துக்கொண்டேன்.

கதையின் உலகம் கற்பனைதான். ஆனால் அதன் கரைக்கு எங்கள் ராமநாதபுரம் கடற்கரைதான் அச்சு. அதில் எந்த ஊர் என்பதில்தான் இரண்டு மாதமாக இழுபறி.

யாரைக் கேட்டாலும் முதலில் தனுஷ்கோடி என்பார்கள். நானும் அங்கேதான் ஆரம்பித்தேன். வடக்கே அலையடங்கிய பெண்கடல், தெற்கே முரட்டு ஆண்கடல், நடுவில் ஒடுங்கிய மணல். பெண்கடல் பக்கம் ஒரு கடைவரிசை, ஆண்கடல் பக்கம் ஒரு கடைவரிசை என்று முதல் நாளே படம் போட்டுவிட்டேன். அரிச்சல்முனைக்கு அப்பால் இலங்கை வரை சிதறிக் கிடக்கும் மணல் தீடைகளும், அதாவது மணல் திட்டுகளும், இருக்கின்றன. நேற்று இருந்த இடத்தில் இன்று இல்லாத கடைக்கு அதைவிட நல்ல தரை எங்கே கிடைக்கும்? இன்னொன்று, அங்கே மணலைக் கொஞ்சம் தோண்டினால் குடிக்க நல்ல தண்ணீர் ஊறும். இரண்டு பக்கமும் உப்புக்கடல், நடுவில் தித்திக்கும் ஊற்று. இதற்கு மேல் மந்திரம் என்று நான் எதைச் சேர்ப்பது?

ஆனாலும் தனுஷ்கோடியை விட்டுவிட்டேன். 1964 டிசம்பர் 22 இரவு அடித்த புயலில், பாம்பனிலிருந்து வந்த பாசஞ்சர் ரயில் ஆட்களோடு கடலுக்குள் போனது. ஊரும் போனது. அன்று ஆளைப் பறிகொடுத்த குடும்பங்கள் இன்னும் இருக்கின்றன. மிச்சமிருக்கும் தேவாலயச் சுவரில் மந்திர விளக்கைத் தொங்கவிட எனக்குக் கை வரவில்லை. இது மனசு சம்பந்தப்பட்ட காரணம். தொழில் காரணமும் ஒன்று உண்டு. இடிபாடு ஏக்கத்தைத் தரும், வியாபாரத்தைத் தராது. நான் அங்கே வைத்து எழுதிய மூன்று அத்தியாயங்களிலும் பாத்திரங்கள் கடலைப் பார்த்துப் பெருமூச்சு விட்டார்களே தவிர, ஒருவரும் ஒன்றும் வாங்கவில்லை.

தேவிபட்டினம் அடுத்தது. நவக்கிரகங்களாகக் கடலுக்குள் நிற்கும் ஒன்பது கற்களான நவபாஷாணம், குளம் போன்ற தண்ணீர், கரையில் அலையை அடக்கியவர் பேரிலேயே கடலடைத்த பெருமாள் கோயில். ஒன்பது கல்லுக்கு ஒன்பது கடை, கிழமைக்கு ஒரு கடை திறக்கும் என்று வைத்துக்கொள்ளலாம். ஆனால் கிழமை ஏழுதானே? ராகுவுக்கும் கேதுவுக்கும் கிழமை கிடையாது. அப்படியானால் அந்த இரண்டு கடைகள் எப்போது திறக்கும்? இந்த ஒரு கேள்விக்காகவே அந்த ஊரைப் பிடித்துக்கொள்ள ஆசை வந்தது. ஆனால் அங்கே வருகிறவர்கள் பரிகாரத்துக்கு வருகிறவர்கள். சாமி முன்னால் பேரம் பேச என் பாத்திரங்கள் கூசினார்கள். கிழமை இல்லாத அந்த இரண்டு கடைகளை மட்டும் பெயர்த்து எடுத்து வந்துவிட்டேன்.

கடைசியில் ஜெயித்தது பாம்பன். 1914இல் திறந்த பழைய ரயில் பாலமோ 2025இல் வந்த புதிய பாலமோ இதற்குக் காரணமில்லை. மீன் ஏலம் நடக்கும் கரைதான் காரணம். படகு அணைந்ததும் மீனைக் கூறு கட்டுவார்கள். மேலே பளபளவென்று ஒரு விளமீன், அடியில் நாலு காரல், ரெண்டு சூடை. வாங்க வருகிற அம்மா செவுளைத் தூக்கிச் சிவப்பு இருக்கிறதா என்று பார்ப்பார். "விளமீனை மட்டும் குடுண்ணே" என்றால் நடக்காது. எடுத்தால் கூறோடு எடுக்க வேண்டும்.

இதைப் பார்த்த அன்றைக்கே அல்லங்காடிக்குச் சட்டம் கிடைத்துவிட்டது. அங்கே கனவைத் தனியாக விற்க மாட்டார்கள், கூறாகத்தான் விற்பார்கள். செத்துப்போன அப்பத்தா வந்து தலைகோதும் கனவு வேண்டுமா? கூடவே அடியில் கிடக்கும், யாரோ ஒருவர் பரீட்சைக்குப் பிந்திப்போய் ஓடும் கனவையும் சேர்த்துத்தான் சுமக்க வேண்டும். செவுளைத் தூக்கிப் பார்க்கத் தெரியாதவன் ஏமாறுவான். அந்த அப்பாவிதான் என் கதாநாயகன்.

அப்புறம் முன்பணம். வலைக்கும் டீசலுக்கும் வியாபாரியிடம் முன்பணம் வாங்கிய படகுக்காரர், பிடித்ததை அந்த வியாபாரிக்குத்தான் போட வேண்டும். அவர் சொன்னதுதான் விலை. இந்தக் கரையில் பல காலமாக இதுதான் வழக்கம். அல்லங்காடியில் இதை அப்படியே வைத்தேன்: ஒரு கடையில் முன்பணம் வாங்கியவன் வலையில் விழும் கனவெல்லாம் அந்தக் கடைக்குத்தான் போகும், அவன் சொந்த அம்மாவின் கனவே விழுந்தாலும் சரி. மந்திரவாதியை வில்லனாக்கும் வேலை மிச்சமாகிவிட்டது. கணக்கு நோட்டு ஒன்று போதும்.

அழகுக்கு மார்க் போட்டால் தனுஷ்கோடிக்குத்தான் முதலிடம், சந்தேகமே இல்லை. அட்டைப்படம் வரைகிற நண்பன் இன்னும் அந்த மணலைத்தான் கேட்கிறான். வரைந்துகொள்ளட்டும்.

எனக்கு இப்போது பாக்கி இருக்கும் சிக்கல் மீன்பிடித் தடைக்காலம். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் விசைப்படகுகள் கடலுக்குப் போகாது. அல்லங்காடிக்கும் அதே 61 நாளை வைத்துப் பார்த்தேன். வலை இறங்காது, கூறு கட்ட ஒன்றும் இருக்காது, கிழமை இல்லாத இரண்டு கடைகள் மட்டும் திறந்திருக்கும். முன்பணம் வாங்கியவர்கள் அந்த நாட்களில் எந்தக் கடைக்குப் போவார்கள் என்ற இடத்தில் கதை நிற்கிறது.