அப்பாவின் கடனுக்காகக் காணி உறுதியில் கைநாட்டு வைக்கும் முன்

அப்பாவின் கருமாதி முடிந்து நான்காம் நாள் வட்டிக்காரர் ஒரு கொப்பியோடு வீட்டுக்கு வந்தார். "அக்கா, அவர் என்னிடம் வாங்கியது வட்டியோடு 11 லட்சம். காணியை விற்றுத் தீர்த்துவிடுங்கள். இல்லையென்றால் பிள்ளைகளின் சம்பளத்தில் பிடிப்பார்கள்" என்று அம்மாவிடம் சொன்னார். நான் கொழும்பில் ஆடைத் தொழிற்சாலை வேலைக்குத் திரும்பியிருந்தேன். தம்பிக்கு வயது 16. பயந்துபோன அம்மாவும் அண்ணனும் ஒரு கிழமைக்குள் அவர் காட்டிய, காணி உறுதி எழுதும் நொத்தாரிசிடம் போய்விட்டார்கள்.

ஹட்டன் பக்கம் 12 பேர்ச் காணி. முப்பது வருடத் தோட்ட வேலைக்குக் கிடைத்த சேமலாப நிதிப் பணத்தில் அப்பா வாங்கியது. தோட்டத்து வரிசை வீடான லயத்தில் பிறந்து வளர்ந்த எங்கள் குடும்பத்துக்கு உறுதிப் பத்திரத்தோடு வந்த முதல் மண் அது.

விற்பனை உறுதி சிங்களத்தில் எழுதப்பட்டிருந்தது. அம்மாவுக்கு எந்த மொழியும் வாசிக்கத் தெரியாது. அவருக்கு வாசித்து விளக்கிய பிறகே நொத்தாரிசு அதை அத்தாட்சிப்படுத்த வேண்டும். ஆனால் அந்த நொத்தாரிசு "வழக்கமான தாள்தான்" என்று மட்டும் சொல்லி விரலைப் பிடித்து அழுத்தியிருக்கிறார். வாங்கியவர் வட்டிக்காரரின் மைத்துனர். அம்மாவின் கைக்கு ஒரு ரூபாய்கூட வரவில்லை. தீபாவளிக்கு ஊருக்கு வந்தபோதுதான் காணியைச் சுற்றிப் புதிய முள்வேலியைப் பார்த்தேன். அன்றிரவு வீட்டில் யாரும் சாப்பிடவில்லை.

பிறகு சட்டத்தரணி ஒருவர் பொறுமையாக விளக்கினார். எங்களைப் போன்ற மலையகத் தமிழருக்கு யாழ்ப்பாணத் தமிழரின் தேசவழமையோ கண்டிச் சிங்களவரின் கண்டியச் சட்டமோ பொருந்தாது. 1876ஆம் ஆண்டின் வாரிசுரிமைக் கட்டளைச் சட்டப்படி, விருப்பாவணம் (உயில்) எழுதாமல் அப்பா இறந்ததால் பாதி அம்மாவுக்கு, மீதிப் பாதி மூன்று பிள்ளைகளுக்கும் சமமாக. ஆளுக்கு ஆறில் ஒரு பங்கு. அம்மாவும் அண்ணனும் தங்கள் பங்கை மட்டுமே விற்க முடியும். என் பங்கில் நான் கையெழுத்து வைக்கவில்லை. தம்பி 18 வயது நிரம்பாதவன். நீதிமன்ற அனுமதி இல்லாமல் அவன் பங்கை அம்மாகூட விற்க முடியாது. உறுதியிலோ முழுக் காணியும் எழுதப்பட்டிருக்கிறது!

கடன் அப்பா விட்டுச்சென்ற சொத்திலிருந்து தீர வேண்டியதுதான். அதை நான் மறுக்கவில்லை. ஆனால் நாங்கள் உழைத்த சம்பளத்தில் யாரும் கை வைக்க முடியாது. கடன் கொடுத்தவர் அதை நிரூபிக்க வேண்டும். சொத்தை விற்றுத்தான் தீர்க்க வேண்டுமென்றால் மாவட்ட நீதிமன்றத்தில், இறந்தவரின் சொத்தைக் கவனிக்கும் மரணசாதன வழக்குப் போட்டு, நிர்வாகியை நியமித்து, நீதிமன்றத்தின் கண்முன்னே விற்கலாம். எங்களுக்கு அவர் காட்டியது அந்தக் கொப்பி மட்டுமே. அதிலும் முதலாகக் கொடுத்தது நான்கரை லட்சம்தான். வட்டி என்ற பெயரில் முதலுக்கு மேல் அறவிட இலங்கைச் சட்டம் இடம் தரவில்லை என்பதை அன்றுதான் அறிந்தேன். அப்படியென்றால் எப்படிப் பார்த்தாலும் முதலும் வட்டியும் சேர்ந்து 9 லட்சத்தைத் தாண்டாது.

உங்கள் வீட்டுக்கும் யாராவது கொப்பியோடு வந்தால் அன்றே எதிலும் கைநாட்டு வைக்காதீர்கள். கடனுக்கான எழுத்து ஆதாரத்தைக் கேளுங்கள். காணிப் பதிவகத்தில் உங்கள் காணியின் பதிவேட்டைப் பாருங்கள். கடன் கொடுத்தவர் காட்டும் நொத்தாரிசிடம் போகாமல் நீங்களே ஒருவரைத் தேடுங்கள். பணமில்லை என்றால் சட்ட உதவி ஆணைக்குழுவிடம் போகலாம்; வருமானம் குறைந்தவர்களுக்கு அவர்கள் உதவுகிறார்கள்.

அந்த உறுதிக்கு எதிரான எங்கள் வழக்கு இன்னும் நடக்கிறது. முள்வேலியும் அப்படியே இருக்கிறது. அடுத்த வழக்குத் தவணைக்கு அம்மாவை நானே அழைத்துப்போகிறேன். இனி எந்தத் தாளையும் தமிழில் வாசித்துச் சொல்லாமல் அவர் விரலை நீட்ட மாட்டார்.