7,500 ரூபாய்க்கு ஆறு கேம், ஆறிலும் பூட்டு

முதலிலேயே சொல்லிவிடுகிறேன், எனக்கு கேம் ஆடத் தெரியாது. ஈரோட்டில் வீட்டுத் திண்ணையில் மெஷின் போட்டு ஜாக்கெட் தைக்கிறேன். லைனிங் வைத்த ஜாக்கெட்டுக்கு 250 ரூபாய் கூலி. அப்படி முப்பது ஜாக்கெட் தைத்த காசு, பையனுக்கு வீடியோ கேம் வாங்கக் கொடுத்த 7,500 ரூபாய், டிவி திரையில் வெறும் பூட்டுப் படமாக மாறி இன்றோடு பன்னிரண்டு நாள் ஆகிறது. கடைக்காரர் என் நம்பரை பிளாக் செய்தது நேற்று சாயங்காலம். அந்தக் கோபத்தோடு எழுதுகிறேன், கோர்வையாக வராவிட்டால் பொறுத்துக்கொள்ளுங்கள். இந்த மாதிரி வாங்கும்முன் என்னென்ன பார்க்க வேண்டும் என்பதைக் கடைசியில் சுருக்கமாக எழுதுகிறேன்.

கடை பெயர் வேண்டாம். பழைய செல்போன், பழைய கன்சோல் (டிவியில் மாட்டி கேம் ஆடும் பெட்டி) வாங்கி விற்று, கூடவே கேம் லோடிங் என்று போர்டும் வைத்திருக்கும் வகை. எல்லா ஊரிலும் ஒன்றிரண்டு இருக்கும்.

என் பையன் போன வருடம் பத்தாவது. வீட்டுக்காரரின் நண்பர் ஒருவர் தன் பிளேஸ்டேஷன் 4 பெட்டியை விற்கிறார் என்று தெரிந்து, நல்ல விலைக்கு வாங்கிக் கொடுத்தோம். ஞாயிற்றுக்கிழமை மட்டும் ஆடுவது என்று ஒப்பந்தம். பெட்டி வந்துவிட்டது, ஆட கேம் இல்லை. புது கேம் விலையைக் கேட்டால் தலை சுற்றியது. அப்போதுதான் பையனின் டியூஷன் நண்பன் இந்தக் கடையைச் சொன்னான்.

தீபாவளிக்கு நான்கு நாள் முன்னால் பெட்டியைத் துணிப்பையில் சுற்றி எடுத்துக்கொண்டு போனோம். எனக்குத் தைக்க வேண்டியது மலைபோல் கிடந்தது, இருந்தாலும் போனேன். அவர் பையனைப் பார்த்து முதலில் கேட்டது, "பத்தாவதா தம்பி? மேக்ஸ்ல எவ்வளவு?" என்று. அவன் மார்க்கைச் சொன்னதும், "அப்படின்னா கேமைக் குறைச்சுக்கோ. பரீட்சை முடியட்டும், அப்புறம் ஆடு" என்றார். தன் வியாபாரத்துக்கு எதிராகவே பேசுகிற மனுஷன் என்று நினைத்தேன். நான் விழுந்தது அந்த இடத்தில்தான். விலையைப் பார்த்து விழவில்லை, அந்த ஒரு வார்த்தையில் விழுந்தேன். திரும்பத் திரும்ப நினைத்துப் பார்க்கிறேன், அதற்கு மேல் நான் ஒரு கேள்வியும் கேட்கவே இல்லை.

டிஸ்க் வாங்கலாமா என்று பையன்தான் கேட்டான். "டிஸ்க் கீறல் விழும், தொலையும். இது டிஜிட்டல். பெட்டியோட பெட்டியா இருக்கும், லைஃப்டைம்ங்க்கா" என்றார். பெட்டியைத் தன் டிவியில் மாட்டி, ஒரு மெயில் ஐடியைப் போட்டு (பிளேஸ்டேஷன் அக்கவுண்டைத்தான் ஐடி என்கிறார்கள்), என்னவோ செய்தார். ஒன்றரை மணி நேரம் கழித்துத் திரையில் ஆறு படம் வரிசையாக வந்து நின்றது. கிரிக்கெட் 24, ஸ்பைடர்மேன், ஒரு கார் பந்தயம், ஒரு ஃபுட்பால், ஏதோ ஒரு சண்டை, அப்புறம் ஜிடிஏ 5. (அந்தக் கடைசி ஒன்று சின்னப் பிள்ளைகள் ஆடக் கூடாதது என்று பிறகுதான் தெரிந்தது. அதற்கு வீட்டில் நடந்த சண்டை தனி.) பீரோவைத் திறந்தால் அடுக்கி வைத்த பட்டுப்புடவை தெரியுமே, அப்படி இருந்தது. 7,500 ரூபாயை ஜிபேயில் அனுப்பினேன். பணம் போன பெயர் வேறு யாரோ ஒரு பெண் பெயர். "வீட்ல இருக்கவங்க அக்கவுண்ட்ங்க்கா" என்றார். பில் கேட்டதற்கு ஒரு சின்னச் சீட்டில் "6 கேம் 7500" என்று எழுதித் தந்தார். கையெழுத்துகூட இல்லை.

கிளம்பும்போது ஒன்று சொன்னார்: "இந்த ஐடியை அழிச்சிடாதீங்க, இதுல ஆடவும் வேண்டாம். தம்பி அவன் ஐடியில ஆடட்டும். செட்டிங்ஸ் பக்கம் போகவே வேண்டாம்." நல்லதுக்குச் சொல்கிறார் என்று தலையாட்டினேன்.

ஆறு மாதம் ஒரு குறையும் இல்லை. பரீட்சை முடிந்தது, லீவு விட்டது. பையன் கிரிக்கெட்டில் தன் பெயரிலேயே ஒரு ஆட்டக்காரனை உருவாக்கி, உள்ளூர் டீமில் இருந்து ஏற்றிக்கொண்டே போனான். மே மாதம் ஒரு காலை, "அம்மா, எல்லாத்துலயும் பூட்டு விழுந்திருக்கு" என்று வந்து நின்றான். போய்ப் பார்த்தால் ஆறு படமும் அப்படியே இருக்கிறது, ஒவ்வொன்றின் மேலும் ஒரு சின்னப் பூட்டு. அமுக்கினால் திறக்காது.

அன்றைக்கே போன் செய்தேன். "சர்வர் மெயின்டனன்ஸ்ங்க்கா, ரெண்டு நாள்ல தானா சரியாயிடும்." இரண்டு நாள் பொறுத்தேன். மறுபடி அழைத்தால், "நெட் போட்டீங்களா? அதான் பிரச்சினை. நெட் போடக் கூடாதுன்னு சொன்னேனே." சத்தியமாகச் சொல்லவில்லை. கடையில் அவரே நெட் போட்டுத்தான் இறக்கினார்! மூன்றாவது தடவை, "பெட்டியைக் கொண்டு வாங்க, பார்த்துடலாம்." வெயிலில் பஸ் ஏறிப் போனேன். அவர் இல்லை. கல்லாவில் இருந்த பையனுக்கு ஒன்றும் தெரியாது, "அண்ணன் கோயமுத்தூர் போயிருக்கார்." அதே நேரத்தில் அவர் வாட்ஸ்அப்பில் புது ஸ்டேட்டஸ் வைக்கிறார்: "6 கேம் ஆஃபர், லைஃப்டைம்." அதே ஆறு படம். பஸ் ஸ்டாப்பில் நின்று அதைப் பார்த்தபோதுதான் எனக்கு ஏதோ உறைத்தது.

பெங்களூரில் வேலை பார்க்கும் நாத்தனார் மகனுக்கு ராத்திரி வீடியோ கால் போட்டேன். அவன் கேட்ட முதல் கேள்வி, "அத்தை, லைப்ரரியைத் திறந்து பர்ச்சேஸ்டுன்னு ஒண்ணு இருக்கும், அதுக்குள்ள என்ன இருக்கு?" என்பதுதான். என் பையனின் ஐடியில் போய்ப் பார்த்தோம். இலவசமாக இறக்கிய இரண்டு கேமைத் தவிர அங்கே ஒன்றும் இல்லை. ஆறு மாதமாக இல்லை. முகப்பில் வரிசையாகத் தெரிந்ததெல்லாம் பெட்டியில் ஏற்றி வைத்தவை மட்டும். யார் வாங்கியது என்பதை அந்த பர்ச்சேஸ்டு பக்கம்தான் காட்டுமாம், அதுவும் ஒவ்வொரு ஐடிக்கும் தனித்தனியாக.

அவன் சொன்னதை எனக்குப் புரிந்த மாதிரி எழுதுகிறேன். டிஜிட்டலில் வாங்கினால் கேம் பெட்டிக்குச் சொந்தமாவதில்லை, வாங்கிய ஐடிக்குச் சொந்தம். ஆனால் ஒரு ஐடி ஒரு பிளேஸ்டேஷன் 4 பெட்டியைத் தன் பிரைமரி என்று வைத்துக்கொள்ளலாம். அப்படி வைத்தால் அந்த ஐடி வாங்கிய கேமை அதே பெட்டியில் மற்ற ஐடிக்காரர்களும் ஆடலாம். ஒரே வீட்டில் அண்ணன் தம்பி ஆடுவதற்கான வசதி அது. பிளேஸ்டேஷன் 5 பெட்டியில் இதற்கே கன்சோல் ஷேரிங் என்று பெயராம். இந்தக் கடைக்காரர் தன் ஐடியில் ஆறு கேமை வாங்கி, என் பெட்டியைத் தன் பிரைமரி ஆக்கிவிட்டார். அதாவது என் வீட்டுப் பெட்டி அவருடைய குடும்பம் ஆகிவிட்டது! அதற்குத்தான் நான் 7,500 கொடுத்திருக்கிறேன்.

அடுத்தது கேளுங்கள். ஐடி வைத்திருப்பவர் பெட்டியைத் தொடாமலே, எங்கோ உட்கார்ந்துகொண்டு கம்ப்யூட்டரில் தன் ஐடியை எல்லாப் பெட்டியில் இருந்தும் கழற்றிவிடலாம். அதை ஆறு மாதத்துக்கு ஒரு தடவைதான் செய்ய விடுவார்களாம். தீபாவளியில் இருந்து மே மாதம் வரை விரல் விட்டு எண்ணினேன். நாத்தனார் மகன் அந்தப் பக்கம் சிரித்துவிட்டான், பிறகு "ஸாரி அத்தை" என்றான். என்னிடம் விற்ற அதே ஆறு கேமை இப்போது வேறொரு அம்மாவின் பெட்டியில் ஏற்றியிருப்பார். வேறு காரணம் இருந்தால் அந்த ஆள் வந்து சொல்லட்டும், கேட்டுக்கொள்கிறேன்.

சரி, ஏதாவது வழி இருக்கிறதா என்று பார்த்தோம். செட்டிங்ஸில் அக்கவுண்ட் மேனேஜ்மெண்டுக்குள் ரெஸ்டோர் லைசென்ஸஸ் என்று ஒன்று உண்டு. நாமே வாங்கிய கேமில் பூட்டு விழுந்தால் அதை அமுக்கினால் பெரும்பாலும் சரியாகிவிடுமாம். அமுக்கினோம். என் பையன் ஐடியில் வாங்கியதே இல்லாதபோது எதை மீட்கும்? கடைக்காரரின் ஐடிக்குள் நுழையப் பார்த்தால் பாஸ்வேர்டு கேட்கிறது, அது அவரிடம். பிளேஸ்டேஷன் கம்பெனியிடம் முறையிடலாமா என்றால், ஐடியை விற்பதும் வாங்குவதும் அவர்கள் விதிப்படியே கூடாதாம். யார் பேரில் ஐடி இருக்கிறதோ அவரிடம்தான் பேசுவார்கள். அது நியாயம்தான், என்னவென்று போய்ச் சொல்வேன்?

இன்னொன்றும் சொன்னான், கேட்டதும் எனக்கே ஒரு மாதிரி ஆகிவிட்டது. நேர்மையாக நம் ஐடியில் வாங்கினாலும் நமக்குக் கிடைப்பது பயன்படுத்தும் உரிமம் மட்டும்தானாம். அமெரிக்காவில் கலிஃபோர்னியாவில் 2025 ஜனவரி 1 முதல், அதைத் தெளிவாகச் சொல்லாமல் வாங்குங்கள் என்று பட்டன் போடக் கூடாது என்று சட்டமே வந்துவிட்டது. எனக்கு அந்த உரிமம்கூட இல்லை. ஒரு கையெழுத்தில்லாத சீட்டு இருக்கிறது.

பையனுக்குக் கவலை பணத்தைப் பற்றி இல்லை, அந்தக் கிரிக்கெட் ஆட்டக்காரன் போய்விட்டானே என்று. அவன் ஆடிய கணக்கு அவன் ஐடியில் பெட்டிக்குள்ளேயே பத்திரமாக இருக்குமாம், கேம்தான் பூட்டியிருக்கிறது. அதுவரை நிம்மதி.

மறுநாள் கடைக்குப் போன் செய்து பிரைமரி, ஆறு மாதம் எல்லாவற்றையும் சொன்னேன். கொஞ்ச நேரம் சத்தமே இல்லை. அப்புறம் குரல் மாறிவிட்டது. "வாரண்டி ஆறு மாசம்தான்ங்க்கா, அது முடிஞ்சு போச்சு." லைஃப்டைம் என்றீர்களே தம்பி என்றேன். "லைஃப்டைம்னா கேமுக்கு லைஃப்டைம். ஆக்டிவேஷனுக்கு இல்லை. 2,500 கொடுங்க, மறுபடி போட்டுத் தரேன்." அதாவது ஆறு மாதத்துக்கு ஒரு தடவை பத்து ஜாக்கெட்! 7,500 ரூபாயைத் திருப்பிக் கொடுங்கள் என்று வாட்ஸ்அப்பில் எழுதினேன், சீட்டைப் படம் எடுத்தும் அனுப்பினேன். நீல டிக் விழுந்தது. நேற்று சாயங்காலம் அவருடைய போட்டோ மறைந்துவிட்டது, போன் போட்டால் போகவில்லை. வீட்டுக்காரர் நம்பரில் இருந்து அழைத்தால் ரிங் போகிறது. என் குரலைக் கேட்டதும் வைத்துவிட்டார்.

இன்று காலை நுகர்வோர் உதவி எண் 1915க்கு அழைத்துப் புகார் பதிந்தேன். பில் கேட்டார்கள். சீட்டும் ஜிபே ரசீதும் வாட்ஸ்அப் பேச்சும் இருக்கிறது என்றேன். மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் 5 லட்சம் வரை வழக்குக்குக் கட்டணம் இல்லை என்பதால் அங்கேயும் போகத்தான் போகிறேன். 7,500 ரூபாய்க்காகவா என்று வீட்டில் கேட்கிறார்கள். ஆமாம், 7,500 ரூபாய்க்காகத்தான்.

எச்சரிக்கை என்று சொல்லிவிட்டு என் கதையையே எழுதிவிட்டேன். விவரமாக எழுத இப்போது நேரமில்லை, நாளைக்கு முகூர்த்தம், இரண்டு ஜாக்கெட்டுக்கு இன்னும் கொக்கி வைக்கவில்லை. உங்கள் பிள்ளையின் சொந்த ஐடியில், உங்கள் மெயில் போட்டு மட்டும் வாங்குங்கள். பர்ச்சேஸ்டு பக்கத்தில் கேம் பெயர் வராமல் காசு கொடுக்காதீர்கள். கட்டுப்படியாகாவிட்டால் பழைய டிஸ்க்கே வாங்குங்கள், கீறல் விழுந்தாலும் கையில் இருக்கும். செட்டிங்ஸ் பக்கம் போகாதே என்று யாராவது சொன்னால் முதலில் அங்கேயே போய்ப் பாருங்கள். அந்த ஸ்டேட்டஸைப் பார்த்து யாராவது ஆறு கேம் ஆஃபருக்குப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பியிருந்தால், தயவுசெய்து பாதியிலேயே திரும்பிவிடுங்கள்.