கிறிஸ்துமஸ் தீவா, கலாபகோஸா?

நண்டு பார்க்கவே அவ்வளவு தூரம் போகலாமா என்று கேட்பவர்களுக்கு: போகலாம். எங்கே என்பதுதான் கேள்வி.

நண்டு: ஆஸ்திரேலியாவுக்குச் சொந்தமான கிறிஸ்துமஸ் தீவில், மழைக்காலம் தொடங்கியதும் கோடிக்கணக்கான செந்நண்டுகள் காட்டிலிருந்து கடலுக்கு நடக்கும். அவற்றுக்காகச் சாலைகளையே மூடுவார்கள்; தனிப் பாலமும் உண்டு. தேங்காயை உடைக்கும் தென்னை நண்டு 4 கிலோ வரை வளரும். ஈக்வடாருக்குச் சொந்தமான கலாபகோஸ் தீவுகளில் பாறைமேல் ஓடும் சிவப்பு நண்டுகள். அழகுதான், ஆனால் படையெடுப்பு இல்லை.

காலம்: கிறிஸ்துமஸ் தீவில் அக்டோபர் முதல் டிசம்பர், முட்டையிடும் நாளைத் தேய்பிறை தீர்மானிக்கும். மழை தாமதித்தால் லீவு வீண். கலாபகோஸில் ஆண்டு முழுதும் நண்டு பார்க்கலாம்.

மற்ற உயிர்கள்: ராட்சத ஆமை, கடல் இகுவானா (கடலில் நீந்தும் பெரிய பல்லி), பென்குயின். கலாபகோஸை மிஞ்ச முடியாது.

செலவு: கலாபகோஸ் பூங்காவுக்குள் நுழையவே பெரும்பாலான வெளிநாட்டவருக்கு 2024 முதல் 200 அமெரிக்க டாலர்.

லீவை முன்னே பின்னே நகர்த்த முடிந்தால் கிறிஸ்துமஸ் தீவு. தேதி மாறாது, குழந்தைகளும் வருகிறார்கள் என்றால் கலாபகோஸ்.